பதில் மனு எழுதியவள்

அலுவலகத்தில் அவளைக் 'கமா' என்றுதான் கூப்பிடுவார்கள். யாருடைய கடிதம் கைக்கு வந்தாலும், விட்டுப்போன கமாவைத் தேடிப் போட்டுவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பாள். பதவிப் பெயர் தட்டச்சர். ஆனால் தட்டச்சு மட்டும் செய்த காலம் எப்போதோ மலையேறிவிட்டது. கோப்பைப் படிப்பது, குறிப்பு எழுதுவது, பதில் கடிதம் தயாரிப்பது என்று பக்கத்து மேசை உதவியாளர்கள் செய்கிற அத்தனையையும் அவளும் செய்தாள். அவர்கள் பெரும்பாலும் ஆண்கள். சம்பளத்தில் ஒரு படி மேலே. தட்டச்சர்கள் முப்பத்தொரு பேரில் இருபத்தெட்டு பேர் பெண்கள்.

அந்த முப்பத்தொரு பேரும் சேர்ந்து, ஒரே வேலைக்கு ஒரே சம்பளம் வேண்டுமென்று தீர்ப்பாயத்துக்குப் போனார்கள். முன்னால் நின்றவள், எல்லோரும் 'நெட்டை' என்று கூப்பிடுகிறவள். கமாவோடு ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவள். பதினேழு வருஷமாக அவளோடு ஒரே மேசையில் சாப்பிடுகிறவள். கமாவின் கையெழுத்து ஒன்பதாவது.

நாலு மாதம் கழித்துக் கண்காணிப்பாளர் அவளை அறைக்குக் கூப்பிட்டார்.

"கதவைச் சாத்திட்டு உக்காரும்மா. அந்த வழக்குக்கு நம்ம ஆபீஸ் பதில் மனு குடுக்கணும். நீதான் எழுதணும்."

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "சார், வழக்குப் போட்டதுல நானும் ஒருத்தி சார்."

"தெரியாமலா கேக்கறேன்? உதவியாளருங்க எழுதினதை மேலதிகாரி என் மூஞ்சியில விட்டெறிஞ்சாரு. உருப்படியா எழுதத் தெரிஞ்சவ இங்க நீ ஒருத்திதான்."

"வேற யாரையாவது..."

அவர் குரலை உயர்த்தவில்லை. மேசையோரம் இருந்த கோப்பை விரலால் தட்டினார். "உன் வீட்டுக்காரரோட பதவி உயர்வு இதுல இருக்கு. நான் ஒண்ணும் சொல்லலை. வியாழக்கிழமைக்குள்ள குடு."

கணவன் அதே கட்டடத்தில் மூன்றாம் மாடியில் உதவியாளர். வீட்டில் அவள் சொன்னதைக் கேட்டுவிட்டு, துவைத்த துணியையெல்லாம் மடித்து அடுக்கினான்.

"கேக்கறதுக்கே எனக்குக் கூச்சமாத்தான் இருக்கு," என்றான் கடைசியில். "ஆனா ஆறு வருஷமா அந்தக் கோப்பு ஒவ்வொரு மேசையா உருளுது. எழுதிக் குடுத்துடேன். எழுதறது நீன்னாலும் சொல்றது ஆபீஸ்தானே?"

வேண்டுமென்றே ஓட்டையும் உடைசலுமாக ஒரு மனு எழுதிக் கொடுத்தாள். கண்காணிப்பாளர் பாதி படித்ததுமே திருப்பித் தந்தார். "இது உன் எழுத்தா? யாரு காதுல பூச்சுத்தறே?"

மறுபடி உட்கார்ந்தாள். 'தட்டச்சர் பணி என்பது பிறர் எழுதியதைப் படியெடுப்பதே. சுயமாகச் சிந்திக்க அதில் இடமில்லை' என்ற வரி பிசிறில்லாமல் வந்து விழுந்தது. தான் எழுதிய வரி இத்தனை கச்சிதமாக இருக்கிறதே என்று அவளுக்கே வெறுப்பாக இருந்தது. தயாரித்தவர் என்ற இடத்தில் தன் சுருக்கொப்பத்தை இட்டாள்.

"இது எதுக்கு?" என்றார் கண்காணிப்பாளர்.

"தயாரிச்சவங்கதான் போடணும்னு விதி இருக்கு சார்."

"பலே கெட்டிக்காரிம்மா நீ," என்று சிரித்தார். கடைசிப் பக்கத்தைக் கிழித்துவிட்டு, புதிதாக எடுத்த பக்கத்தில் ஓர் உதவியாளரைச் சுருக்கொப்பமிட வைத்தார்.

வழக்கு தள்ளுபடியானது. தீர்ப்பில் அந்த வரி அப்படியே இருந்தது. சாப்பாட்டு நேரத்தில் நெட்டை அதை உரக்கப் படித்தாள்.

"எந்தப் பாவி எழுதினானோ, அவன் கை விளங்குமா?"

மற்றவர்கள் சிரித்தார்கள். கமா சாப்பாட்டு டப்பாவை மூடி வைத்தாள். அந்த வாரமே கணவனுக்குப் பதவி உயர்வு உத்தரவு வந்திருந்தது.

எல்லோரும் எழுந்துபோன பிறகு நெட்டை நாற்காலியை நெருக்கிப் போட்டாள். "முப்பது நாளுக்குள்ள அப்பீல் போடணும்டி. நீதான் எழுதணும்."

"அதை எழுதினவ நான்தான்."

"எதை?"

"இப்ப நீ படிச்சியே, அந்தப் பதில் மனு."

நெட்டை அவள் முகத்தையே பார்த்தாள். கமா கணவனின் கோப்பிலிருந்து கிழிபட்ட பக்கம்வரை ஒன்றையும் மறைக்கவில்லை. திட்டுவாள் என்று காத்திருந்தாள். நெட்டை மெல்லக் கேட்டாள்:

"இதையே அப்பீல் விசாரணைல வந்து சொல்றியா? தட்டச்சருக்குச் சிந்திக்கத் தெரியாதுன்னு எழுதிக் குடுத்ததே ஒரு தட்டச்சர்னு? அது ஒண்ணு போதும்டி நமக்கு."

சொன்னால் கணவனின் உத்தரவு ரத்தாகும். அலுவலக ரகசியத்தை வெளியிட்டதாக அவள் வேலைக்கும் உலை வைப்பார்கள்.

"யோசிச்சுச் சொல்றேன்."

"யோசி. அதுக்குக்கூட நமக்கு வக்கில்லைன்னு நீயே எழுதிட்டே."

அன்று வீட்டில் ஒரே பக்கத்தில் வாக்குமூலம் எழுதிக் கணவனிடம் நீட்டினாள். அவன் இரண்டு முறை படித்தான். "உன் இஷ்டம்," என்றான். அவள் தாளை வாங்கிக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். ஒவ்வொரு நாளும் நெட்டையின் மேசைவரை போய், வேறு ஏதோ கேட்டுவிட்டுத் திரும்பினாள். அப்படியே முப்பது நாளும் ஓடின.

அப்பீலை அந்தத் தாள் இல்லாமலே போட்டார்கள். முதல் விசாரணையிலேயே தள்ளுபடியானது. நெட்டை யாரிடமும் அவளைக் காட்டிக்கொடுக்கவில்லை. சாப்பிட மட்டும் ஜன்னலோர மேசைக்கு மாறிவிட்டாள். இப்போதெல்லாம் கமாவோடு சாப்பிட, மூன்றாம் மாடியிலிருந்து கணவன் இறங்கி வருகிறான். எதிரே அவனை வைத்துக்கொண்டு, ஜன்னல் பக்கம் பார்க்காமலிருக்க அவள் ஒவ்வொரு நாளும் பாடுபடுகிறாள்.