றஹீமாவின் முன்கை

1912ஆம் ஆண்டு, பெருமழை ஓய்ந்த மாதத்தில், மாத்தளை கொங்காவளைத் தெருவில் கணவனை அடக்கம் செய்துவிட்டு வீட்டுக்குள் இருந்த றஹீமாவின் உடம்பிலிருந்து வாசனைகள் ஒவ்வொன்றாகப் புறப்பட்டுப் போயின. முதலில் போனது கராம்பு. காலையில் ஜன்னல் வழியாக இறங்கி, தெருவில் கட்டியிருந்த ஆடுகளெல்லாம் தலை தூக்கிப் பார்க்க, கண்டி வீதியோடு தெற்கே போய், உக்குவளையில் தான் பறிக்கப்பட்ட தோட்டத்துக்குள் நுழைந்து நின்றது. அந்த வாரம் மாத்தளைச் சந்தையில் மிளகு விலை கொஞ்சம் ஏறியது. இஞ்சி வரவே இல்லை.

அவளுடைய கணவர் யஹ்யா அத்தர் வடிக்கிறவர். வீட்டின் பின்கட்டில், காய்ச்சி வடிப்பதற்கு ஒரு செப்பு வாலை வைத்திருந்தார். மைசூர்ச் சந்தன எண்ணெயை அடியில் வைத்து, அதன்மேல் உக்குவளைக் கராம்பு, லக்கலை ஏலம், இரத்தோட்டைச் சாதிக்காய், கோயில் வாசலில் பூ விற்கும் அழகாயி கொண்டுவரும் மல்லிகை என்று ஒவ்வொன்றாக ஏற்றி, அவர் வாழ்நாள் முழுக்கச் செய்தது ஒரே அத்தர்தான். அதற்குப் பெயர்கூட வைக்கவில்லை. பெருநாளைக்குப் பள்ளிவாசலுக்குப் போனவர்கள் அதைப் பூசினார்கள். மாரியம்மன் தேருக்கு முந்தின நாள் கடைத்தெருப் பெண்கள் அதை வாங்கினார்கள். தோட்டத்துத் துரைசானிகள் கைக்குட்டையில் தெளித்துக்கொண்டார்கள். அத்தர் தோலில் ஏறினால்தான் அதன் நல்லது கெட்டது தெரியும். யஹ்யா தன் கையில் பூசிப் பார்ப்பதில்லை. "என்ட கையில நானும் சேந்து இருப்பேன். நம்ம வாசம் நமக்கு வராது," என்பார். ஆகவே கல்யாணமான மறுவாரம் தொடங்கி, இருபது வருடமாக, ஒவ்வொரு வடிப்பையும் றஹீமாவின் இடது முன்கையில் விரலால் தடவி, மூக்கை ஒட்ட வைத்து முகர்ந்துதான் போதும், போதாது என்று சொன்னார். அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை. ஏலம் வாங்க லக்கலைக்குப் போனவர் குளிர்காய்ச்சலோடு மாட்டு வண்டியில் திரும்பி வந்து மௌத்தானார்.

கணவனை இழந்த பெண் நாலு மாதமும் பத்து நாளும் இத்தா இருக்க வேண்டும். அந்தக் காலத்தில் வெளியே போகக் கூடாது, வாசனை பூசக் கூடாது. றஹீமா எதையும் பூசவில்லை. குப்பிகளையெல்லாம் கணவரின் அக்கா ஸைனம்பு முதல் நாளே பூட்டி, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு போய்விட்டாள். ஆனாலும் வீடு மணத்தது. கிணற்றடியில் அவள் குளித்த தண்ணீர் ஓடிய வாய்க்காலும் மணத்தது. ஸைனம்பு போய் முத்தலிப் ஆலிமை அழைத்து வந்தாள். ஆலிம் காயல்பட்டினத்தில் மார்க்கம் ஓதியவர். கிதாபுகள் நிறைந்த பெட்டி ஒன்றுக்குச் சொந்தக்காரர். அவர் திரைக்கு வெளியே பாயில் உட்கார்ந்தார். றஹீமா திரைக்கு உள்ளே உட்கார்ந்தாள்.

"புள்ள, ஏதாச்சும் பூசினீங்களா?"

"இல்லீங்க ஆலிம்சா. என்ட தோல்ல இருந்து வருது. நேத்து கராம்பு போயிட்டுது. இன்னைக்கு ஏலம் போகப் பாக்குது."

"கேட்டீங்களா? வாசத்துக்குக் காலு முளைச்சிருக்காம்," என்றாள் ஸைனம்பு. "தெருவுல போற ஆம்பளைங்க எல்லாம் மூக்கத் தூக்கிட்டுப் போறாங்க. என்ட தம்பி கபுறுல ஈரம் காயல்ல."

ஆலிம் கண்ணை மூடிக்கொண்டார். அவருக்கு இப்படிப்பட்ட கேள்விகள் பிடிக்கும். யூனான் என்னும் கிரேக்க தேசத்துப் பழைய ஞானிகள் இதைப் பற்றிப் பெரிய சண்டை போட்டிருக்கிறார்கள் என்றும், அது அரபுக் கிதாபுகளில் வந்திருக்கிறது என்றும் அவர் சொன்னார். ஒரு கூட்டத்தார் சொன்னார்களாம்: கலவை என்பது அரிசியும் பயறும் ஒரே சாக்கில் கிடப்பது போல; பொடி மிகவும் சிறியதானதால் நம் கண்ணுக்கு ஒன்றாகத் தெரிகிறது, மற்றபடி அரிசி அரிசிதான், பயறு பயறுதான். மற்றக் கூட்டத்தார் சொன்னார்களாம்: உண்மையாகக் கலந்தால் இரண்டும் இல்லாமல் போய் மூன்றாவதாக ஒன்று பிறக்கும்; அதைத் திரும்பப் பிரிக்க யாராலும் முடியாது.

"அப்ப பிரிஞ்சு போகுதுன்னா?" என்று திரைக்குள்ளிருந்து கேட்டாள் றஹீமா.

"பிரிஞ்சு போகுதுன்னா அது கலக்கவே இல்ல, புள்ள. இத்தன வருஷமும் பக்கத்துல பக்கத்துல இருந்திச்சு, அவ்வளவுதான். உங்க மேல குத்தமில்ல. போறது போகட்டும்."

ஆலிம் அவளை விடுவித்துவிட்ட திருப்தியில் தேநீர் குடித்துவிட்டுப் போனார். ஸைனம்பு முணுமுணுத்துக்கொண்டே பின்னால் போனாள். றஹீமா மட்டும் திரைக்குப் பின்னால் அப்படியே இருந்தாள். இருபது வருடம் அந்தக் கையில் ஏறியது அத்தர் மட்டுமல்ல. அதைத் தடவிய விரலும் முகர்ந்த மூச்சுந்தான். எல்லாம் பக்கத்தில் பக்கத்தில்தான் இருந்தது என்றால், அவளும் யஹ்யாவும் ஒரே சாக்கில் கிடந்த அரிசியும் பயறுமா? அன்று முதல் அவளுக்கு இந்த ஒன்றைத் தவிர வேறு கவலை இல்லை. எல்லாம் போய் முடிந்த பிறகு தன் கையில் அவர் மிஞ்சுவாரா, மாட்டாரா என்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஏலம் லக்கலைக்குப் போனது. காடு வெட்டிப் பயிரிட்ட சேனைக்குள் நின்ற யானைக் கூட்டம் அது கடந்து போகும்வரை ஒதுங்கி நின்றதாக அங்கிருந்து குரக்கன் தானியம் கொண்டுவந்தவர்கள் சொன்னார்கள். சாதிக்காய் இரத்தோட்டைக்குப் போனது. தேயிலைக் கொழுந்து நிறுக்க வரிசையில் நின்ற பெண்கள், எங்கோ கல்யாணச் சமையல் நடக்கிறது என்று கங்காணியிடம் சொல்லிச் சிரித்தார்கள். மல்லிகை அதிக தூரம் போகவில்லை. மறுநாள் அழகாயி கூடையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தாள்.

"உங்க வூட்டு வாசம் என் கூடையில வந்து ஒக்காந்துக்கிச்சும்மா. வித்த சரக்க நான் எப்புடி வச்சிக்கிறது? புடிங்க."

கூடையை வாசற்படியில் கவிழ்த்துத் தட்டினாள். ஆனால் அவள் திரும்பி நடந்தபோது மல்லிகை அவளுக்குப் பின்னாலேயே போய்விட்டது. றஹீமா சிரித்தாள், கணவர் போனபின் அவள் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

கடைசியாகச் சந்தனம் எழுந்தது. அது அடியில் கிடந்தது, மற்றதையெல்லாம் தாங்கியது. றஹீமா வலது கையால் இடது முன்கையைப் பொத்திக்கொண்டு, "நீயாவது இரு," என்று கெஞ்சினாள். விரல் இடுக்கால் அது கசிந்து போனது. அழகாயி அதன் பின்னாலேயே ஸ்டேஷன் வரைக்கும் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.

"ரயிலேறிப் போயிருச்சுங்கம்மா. மைசூருக்குத்தான் போவும்போல. டிக்கட்டு கேக்க ஆளில்ல, ராசா மாதிரி போவுது."

றஹீமா கதவைச் சாத்திவிட்டுக் கையை முகர்ந்தாள். கழுவிக் கவிழ்த்த பீங்கானைப் போல இருந்தது. மறுபடி முகர்ந்தாள். தோளிலும் தலைமுடியிலும் சேலைத் தலைப்பிலும் தேடினாள். ஒன்றுமில்லை. அன்று அவள் அழுத சத்தம் தெருவுக்குக் கேட்டது. அடக்கத்தன்றுகூட அவள் அப்படி அழவில்லை.

இத்தா முடிந்த அன்று காலை, வழக்கப்படி அவளை வெளியே அழைக்க ஸைனம்பு நாலைந்து பெண்களோடு வந்தாள். வாசற்படியில் கால் வைத்தவள் அப்படியே நின்றாள்.

"உள்ளுக்கு யாரு?"

"யாருமில்ல மைனி."

"பொய் சொல்லாத. ஆம்பள வாசம் வருது."

மற்றப் பெண்களும் மூக்கை உறிஞ்சிப் பார்த்து, ஆமாம் என்றார்கள். கட்டிலுக்கு அடியில் குனிந்து பார்த்தார்கள். பரணில் ஏறிப் பார்த்தார்கள். ஒருத்தி செப்பு வாலையின் மூடியைத் திறந்து உள்ளே எட்டிப் பார்த்தாள். யாரும் இல்லை. ஸைனம்பு கோபத்தோடு றஹீமாவின் கையைப் பிடித்து வெளிச்சத்துக்கு இழுத்தாள். இழுத்த கை இடது கை. அதை இழுத்தவள் திட்டுவதற்குத் திறந்த வாயை மூடவில்லை. மெல்லக் குனிந்து அந்த முன்கையில் மூக்கை வைத்தாள். பிறகு, அவ்வளவு பெரிய உடம்போடு, தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"என்ட தம்பி," என்றாள். "சுதுகங்கையில குளிச்சிட்டு ஈரத் தலையோட வருவானே. அதேதான். அவன் இதுலதான் இருக்கான்டி."

பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து முகர்ந்தார்கள். அந்தத் தெருவில் யஹ்யாவைத் தெரியாதவர்கள் இல்லை. பக்கத்து வீட்டுக்காரி பழக்கதோஷத்தில் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள். றஹீமாவும் முகர்ந்தாள். அவசரமாகவும் முகர்ந்தாள், நிதானமாகவும் முகர்ந்தாள். அவளுக்கு மட்டும் ஒன்றும் வரவில்லை.

ஆலிமை மறுபடி அழைத்தார்கள். அவர் வாசலில் நின்றபடியே மூச்சை இழுத்துப் பார்த்தார்.

"கலந்திருக்கு, புள்ள," என்றார். "பிரிஞ்சு போறதெல்லாம் போயிட்டுது. இது போகாது."

"எனக்கு ஏன் ஆலிம்சா வரல்ல?"

ஆலிமுடைய பெட்டியில் இதற்குக் கிதாபு இல்லை. பதில் றஹீமாவுக்கே தெரிந்திருந்தது. இருபது வருடம் அதை யஹ்யாவின் வாயால் கேட்டிருந்தாள்.

ஸைனம்பு குப்பி அலுமாரியின் சாவியை அன்றே திருப்பிக் கொடுத்தாள். றஹீமா அதைத் திறக்கவே இல்லை. தையல் வேலை செய்து சாப்பிட்டாள். காலையில் ரவூபின் பலசரக்குக் கடைக்குப் போவாள். ரவூப் இரண்டு ஸலாம் சொல்வான்: ஒன்று அவளுக்கு, ஒன்று அவருக்கு. அவள் முன்கையைக் கடைப் பலகையின் மேல் வைத்து, "இருக்காரா?" என்று கேட்பாள். "இருக்காரு ராத்தா," என்று சொல்லிவிட்டு, அதே மூச்சில் அன்றைய அரிசி விலையையும் சொல்வான். ஒரு மழைக்காலத்தில் அவனுக்குக் கடும் சளி. "இன்னைக்குத் தெரியல்லியே ராத்தா," என்று உண்மையைச் சொல்லிவிட்டான். றஹீமா சாமான் வாங்காமல் திரும்பிப் போய், அவனுக்குச் சளி தீரும்வரை அடுப்பு மூட்டவில்லை. அதன் பிறகு கொங்காவளைத் தெருவில், சளி பிடித்தவர்களும் சரி, புதிதாகக் குடிவந்து யஹ்யாவை ஒருநாளும் பார்க்காதவர்களும் சரி, அவள் கையை நீட்டினால் ஒரே பதிலைத்தான் சொன்னார்கள். தேயிலை விலை விழுந்தது, மலேரியா வந்து போனது, ஸைனம்பும் ஆலிமும் மௌத்தானார்கள், இரண்டாவது யுத்தம் தொடங்கியது. றஹீமா கேட்டுக்கொண்டே இருந்தாள்.

1941இல் அவள் இறந்தாள். குளிப்பாட்டிய பெண்கள் கடைசித் தண்ணீரில் கற்பூரம் கலப்பதற்கு முன்னால் இடது முன்கையைத் தூக்கி முகர்ந்து பார்த்து, ஒருவரையொருவர் பார்த்துத் தலையாட்டினார்கள். அதை வெளியே நின்ற ஆண்களிடம் சொன்னார்கள். மையவாடியில் கபுறு வெட்டியவர்கள் அதைக் கொஞ்சம் அகலமாகவே வெட்டினார்கள். ஏன் என்று யாரும் கேட்கவில்லை.