வாலை எடுக்கச் சொன்னார்கள்

பிள்ளைகள் புத்தகத்துக்குப் படம் போடுகிறவர்களுக்கு இந்த உலகத்தில் மரியாதை கொஞ்சம் மட்டுதான். கதை எழுதியவர் பெயர் அட்டையில் கொட்டை எழுத்தில் இருக்கும். படம் போட்டவர் பெயரை உள்ளே, அச்சகத்தின் முகவரிக்குக் கீழே, கண்ணாடி போட்டுக்கொண்டு தேட வேண்டும். வாலக்கா அதற்கெல்லாம் கவலைப்பட்டதில்லை. அவளுடைய சொந்தப் பெயரையே எல்லோரும் மறந்து எத்தனையோ காலமாகிறது. அவள் படங்களைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள் வைத்த பெயர் அது. அந்தப் பிள்ளைகளுக்கே இப்போது தலை நரைக்கிறது, அவள் மட்டும் இன்னும் அக்காவாகவே இருக்கிறாள்.

பெயர் வந்த கதையைச் சொல்லிவிடுகிறேன். படிப்பு முடிந்ததும் அவளுக்குக் கிடைத்த வேலை, பாடப் புத்தகங்களுக்குப் படம் போடுவது. தவளையின் வயிறு, பூவின் குறுக்குவெட்டு, மனிதனின் சிறுநீரகம். சிறுநீரகம் வரைந்து வரைந்து கை சலித்துப்போயிருந்த சமயத்தில் ஒரு பதிப்பக முதலாளி சின்னக் கதை ஒன்றைக் கொடுத்தார். முதல் வரி, "அந்தச் சிறுமி சரியான வாலு." கடைசி வரி, "அன்று முதல் அவள் அப்பாவின் சொல்லைத் தட்டவே இல்லை." இரண்டுக்கும் நடுவில் அவள் செய்யும் சேட்டைகளும் அதற்கு வாங்கும் திட்டுகளும்.

வாலக்கா முதல் வரியைப் படித்துவிட்டுச் சிறுமிக்கு வால் வரைந்தாள்.

பேச்சுக்குச் சொல்கிற வால் இல்லை. கவுனுக்கு அடியிலிருந்து புறப்பட்டு, நுனியில் குஞ்சமும் வைத்த நிஜ வால். பக்கத்துக்குப் பக்கம் அது தனியாக ஒரு காரியம் பார்த்துக்கொண்டிருந்தது. கடைசிப் பக்கத்தில், பெண் திருந்திவிட்டாள் என்று எழுத்து சத்தியம் செய்கிற இடத்தில், வால் அப்பாவின் மூக்குக் கண்ணாடியைக் கவர்ந்துகொண்டு படத்தை விட்டே வெளியேறிக்கொண்டிருந்தது.

கதை எழுதியவர் தையத்தக்காவென்று குதித்தார். "வாலுன்னா நிஜ வாலா? தமிழே தெரியாத பொண்ணுகிட்ட குடுத்துட்டீங்களே!" முதலாளி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து ஓய்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு, "தெரியாம போட்டதில்ல சார். நல்லா தெரிஞ்சேதான் போட்டிருக்கா" என்று சொல்லி அச்சுக்கு அனுப்பிவிட்டார்.

தெரிந்தேதான் போட்டாள். அவள் வளர்ந்த வீட்டில் அவளுக்கு அறுந்த வாலு என்று பெயர். வாலைச் சுருட்டிக்கிட்டு உட்காரு. வாலை ஒட்ட நறுக்கினாத்தான் நீ சரிப்படுவே. என்கிட்ட வாலாட்டாதே. பொழுது விடிந்தால் பொழுது போனால் இதுதான் பாட்டு. பக்கத்து வீட்டுப் பையனையும் வாலு என்றுதான் சொன்னார்கள், ஆனால் சிரித்துக்கொண்டே சொன்னார்கள். இவளிடம் சொல்லும்போது மட்டும் கத்தரியும் கூடவே வந்தது. இல்லாத வாலுக்கு இத்தனை கத்தரியா என்று அவளுக்கு அப்போதே கோபம். அந்தக் கோபம்தான் தூரிகையில் இறங்கியது.

பிள்ளைகள் அந்தப் புத்தகத்தைக் கொத்திக்கொண்டு போனார்கள். எழுத்தை வாசித்துக் காட்டியது அப்பா அம்மா, படத்தைப் படித்தது பிள்ளைகள். அதற்குப் பிறகு அவள் யானை போட்டாள், பேருந்து போட்டாள், பல் தேய்க்க மறுக்கும் முதலை போட்டாள். எது போட்டாலும் எங்கே போனாலும், "வாலுப் பொண்ணு திரும்ப எப்ப வருவா?" என்ற ஒரே கேள்விதான். பழைய முதலாளி காலமானதோடு புத்தகமும் அச்சில் இல்லாமல் போயிருந்தது. கண்ணை மூடுவதற்குள் அதை ஒருதரம் கடையில் பார்த்துவிட வேண்டும், ஏதாவது ஒரு குழந்தை தரையில் உட்கார்ந்து அதைப் புரட்டுவதைப் பார்க்க வேண்டும். அவளுக்கு வேறு ஆசையே கிடையாது.

அதனால் பதிப்பகத்தின் புது மேலாளர் கூப்பிட்டதும் விழுந்தடித்துக்கொண்டு ஓடினாள்.

கண்ணாடி மேசை, சுழல் நாற்காலி, சுவர் நிறைய சிரிக்கும் குழந்தைகள். மேலாளர் நல்ல பையன், குறை சொல்ல முடியாது. எழுந்து நின்று வரவேற்றார். "நான் உங்க படத்தைப் பார்த்துத்தான் வளர்ந்தேன் மேடம்" என்றார். புத்தகத்தை மறுபடி கொண்டுவரப் போகிறோம் என்றார். வாலக்காவுக்கு அழுகையே வந்துவிட்டது.

"ஒரே ஒரு சின்ன மாற்றம் மட்டும்."

அழுகை நின்றது. "சொல்லுங்க தம்பி."

"பள்ளிக்கூட நூலகங்களுக்குப் புத்தகம் தேர்ந்தெடுக்கிற கமிட்டி இருக்கு. அவங்க எடுத்தாத்தான் நாங்க அச்சுக்கே போக முடியும். பொண் குழந்தைய மிருகம் மாதிரி காட்டியிருக்குன்னு அவங்களுக்கு ஒரு வருத்தம். நல்ல எண்ணத்துலதான் சொல்றாங்க. வாலை மட்டும் எடுத்துடலாம்னு..." என்று இழுத்துக்கொண்டே கணினித் திரையை அவள் பக்கம் திருப்பினார். "மாதிரிக்கு எடுத்தும் பார்த்துட்டோம்."

"எனக்கே படம் காட்டுறீங்களா?" என்று சொல்லிக்கொண்டு வாலக்கா பார்த்தாள்.

திரைச்சீலைக் கம்பியில் வாலைச் சுற்றித் தலைகீழாகத் தொங்கியபடி புத்தகம் படிக்கும் சிறுமி, இப்போது எதையும் பிடிக்காமல் அந்தரத்தில் தலைகீழாக மிதந்தாள். முதுகுக்குப் பின்னால் வால் ஒளித்துவைத்திருந்த ஜாம் பாட்டில் காற்றில் தனியே நின்றது. வாலக்கா விழுந்து விழுந்து சிரித்தாள்.

"இந்தப் புள்ள எதைப் பிடிச்சுக்கிட்டு தொங்குது?"

"அதுக்கு ஒரு கயிறு வரைஞ்சுக்கலாம் மேடம். கால்ல கட்டின மாதிரி."

"வாலை வெட்டிட்டு, பொண்ணு கால்ல கயித்தைக் கட்டணும். இதுதானா உங்க கமிட்டியோட நல்ல எண்ணம்?"

மேலாளர் அவசரமாக அடுத்த பக்கத்துக்குப் போனார். அது அப்பா திட்டுகிற பக்கம். ஆள் மலை மாதிரி நின்று விரலை நீட்டிக்கொண்டிருப்பார். சிறுமி தலையைத் தொங்கவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு நிற்பாள். ஆனால் அவளுடைய வால் சத்தமில்லாமல் சுற்றிப் போய், அப்பாவின் இரண்டு ஷூ லேஸையும் ஒன்றாக முடிந்து வைத்திருக்கும். பிள்ளைகளுக்கு ரொம்பப் பிடித்த பக்கம். இப்போது அதில் வால் இல்லை. லேஸையும் அவிழ்த்து ஒழுங்காகக் கட்டிவிட்டிருந்தார்கள்.

வாலக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை.

"நான் வேணாம்னா?"

"படம் உங்களோடது மேடம். உங்க சம்மதம் இல்லாம தொட மாட்டோம். ஆனா கமிட்டி எடுக்காத புத்தகத்தை எங்களால போட முடியாது."

யோசித்துச் சொல்கிறேன் என்று வால் போன படங்களை அச்செடுத்து வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

வீட்டில் தங்கை இருந்தாள். தலைமை ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். அக்கா தங்கை இரண்டு பேரும் சேர்ந்து இருப்பது இந்தக் கடைசிக் காலத்தில்தான். சின்ன வயதில் அக்கா வாலு, தங்கை தங்கம். அவளைப் பார்த்தாவது கத்துக்கோ என்று பெரியவளுக்குச் சொல்லிச் சொல்லியே சின்னவளைத் தலையில் தூக்கிவைத்து ஆடிய வீடு அது.

சமையலறையில் காரட் நறுக்கிக்கொண்டிருந்த தங்கை முழுவதையும் கேட்டாள். "ஒரு வாலுக்காகவா புத்தகமே வேணாம்ங்கிற? எத்தனை வருஷமா ஏங்கிக்கிட்டிருக்க. வால் போனா போகட்டும் அக்கா. பொண்ணு இருக்கால்ல?"

"வாலை எடுத்தா பொண்ணும் இருக்க மாட்டாடி."

"சும்மா வசனம் பேசாத. குடு, பார்க்கலாம்."

கையைத் துடைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் புரட்டினாள். அந்தரத்தில் மிதப்பவளைப் பார்த்துச் சிரித்தாள். அப்பா திட்டுகிற பக்கம் வந்ததும் அவள் கை நின்றுவிட்டது.

"இது நான்" என்றாள்.

"என்னடி சொல்ற?"

"வாலோட இருந்தா இது நீ. ஸ்கூல்ல எல்லாப் புள்ளைங்ககிட்டயும் பெருமையா சொல்லியிருக்கேன், இது எங்க அக்கான்னு. வால் இல்லாம பார்த்தா நான். நான் இப்படித்தான் நின்னேன். அப்பா திட்ட ஆரம்பிச்சா நீ எதையாவது பண்ணிட்டு ஓடிப் போயிடுவ. மிச்சத் திட்டை நின்னு கேட்டது யாருன்னு நினைக்கிற?"

தங்கை படத்தைக் கீழே வைத்தாள்.

"நல்ல பொண்ணு நல்ல பொண்ணுன்னாங்க. அது நல்ல குணம் இல்லக்கா, பயம். அதே பயத்தைப் புள்ளைங்களுக்கும் கத்துக் குடுத்தேன். எத்தனை வாலை நறுக்கியிருக்கேன் தெரியுமா? நல்லதுன்னு நினைச்சுத்தான் செஞ்சேன்." அக்காவை நிமிர்ந்து பார்த்தாள். "எல்லாப் புள்ளைக்கும் வால் போட்டுக் குடுத்தியே. எனக்குப் போடணும்னு உனக்குத் தோணவே இல்லையே."

ஒரே வீட்டில் வளர்ந்தும், வாலக்கா தனக்கு மட்டும்தான் கத்தரி வந்தது என்று நினைத்துக்கொண்டிருந்துவிட்டாள். சமாதானம் சொல்ல அவளுக்கு வராது, வரையத்தான் வரும். அலமாரியிலிருந்து அந்தப் பக்கத்தின் அசல் படத்தை எடுத்து ஜன்னலோரம் வைத்து, நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

படத்தில் அப்பாவுக்குப் பின்னால் ஒரு கதவு திறந்திருக்கும், அங்கே யாரும் இருக்க மாட்டார்கள். அந்த இடத்தில் ஒரு சின்னப் பெண்ணை நிறுத்தினாள். வாரி முடித்த தலை, கசங்காத கவுன், தரையைப் பார்க்கும் கண். பிறகு மெல்லிய தூரிகையை எடுத்து, கவுனுக்குக் கீழே விரல் அளவுக்கு ஒரு வால் வைத்தாள்.

தங்கை தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள். "அவ்வளவுதானா?"

"முளைக்கும்போது அவ்வளவுதான் இருக்கும்."

"கொஞ்சம் நீளமா போடுக்கா. நானும் எதையாவது எட்டிப் பிடிக்க வேணாமா?"

வாலக்கா சிரித்துக்கொண்டே நீட்டினாள். வால் வளைந்து வளைந்து போய் அப்பாவின் கோட்டுப் பைக்குள் நுழைந்தது.

மறுநாள் இரண்டு பேரும் சேர்ந்தே பதிப்பகத்துக்குப் போனார்கள். தங்கை தலைமை ஆசிரியையாக இருந்தவள் என்று வாலக்கா அறிமுகப்படுத்தினாள். அவர்கள் கொண்டுவந்த அசல் படங்களை மேலாளர் மேசையில் பரப்பினார். ஒருமுறை பார்த்தார், கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுமுறை பார்த்தார்.

"மேடம், நாங்க ஒண்ணை எடுக்கச் சொன்னோம். இங்க ரெண்டு இருக்கு."

"இன்னொரு தடவை சொல்லிப் பாருங்க. அந்த அப்பாவுக்கும் முளைக்கும்."

"கமிட்டி ஒத்துக்கவே மாட்டாங்க. புத்தகம் வராது மேடம்."

கடையும், தரையில் உட்கார்ந்து புரட்டும் குழந்தையும் வாலக்காவின் கண் முன்னால் வந்து போயின. வலிக்கத்தான் செய்தது. "வராட்டி போகட்டும் தம்பி. வால் இல்லாம அவ எந்தக் கடைக்கும் வர மாட்டா."

மேலாளர் கடைசி முயற்சியாகத் தங்கையின் பக்கம் திரும்பினார். "டீச்சர், நீங்க தலைமை ஆசிரியையா இருந்தவங்க. உங்களுக்குப் புரியும். அக்காவுக்கு நீங்களாவது எடுத்துச் சொல்லுங்க."

தங்கை மேசையிலிருந்த படங்களை ஒவ்வொன்றாக அடுக்கிப் பைக்குள் வைத்தாள். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்து நின்றாள். மொத்தப் பள்ளிக்கூடத்தையும் ஒரே சொல்லில் அடக்கிய குரல் அவளுடையது. அதே குரலில் சொன்னாள்.

"நான் என்னத்தைச் சொல்றது தம்பி? எனக்கே நேத்துதான் முளைச்சுது. அதுக்குள்ள நறுக்கணும்ங்கிறீங்களே."