ஒன்பதாம் பாகத்து வேலைக்காரி

தேயிலைக் கொழுந்து வெட்டும் இயந்திரத்தை இரண்டு பேர் பிடித்தால்தான் நகரும். நிரையின் அந்தப் பக்கம் வேலாயி, இந்தப் பக்கம் திலகா. அறுபது முடிந்த வேலாயிக்கு வேலையில் இதுதான் கடைசி வாரம். பத்து மணிக்கு இயந்திரத்தை அணைத்துவிட்டுத் தேத்தண்ணிக்கு உட்கார்ந்ததும், திலகா மடித்து வைத்திருந்த தாள்களை எடுத்தாள்.

திலகா பக்கத்து ஊரான பிரிஞ்சாங்கில் சீனப் பள்ளியில் படித்தவள். சீனம் அவளுக்குத் தண்ணீர்பட்ட பாடு. தோட்டம் கொடுத்த அப்பா கருப்பையாவின் லயத்து வீடு நிலைக்க வேண்டுமானால் வீட்டில் ஒருவராவது தோட்டத்தில் வேலைக்குப் பேர் போட்டாக வேண்டும். அதனால்தான் மலையை விட்டு இறங்கவில்லை. பழைய சீன நாவல் ஒன்றைத் தமிழ்த் தொலைக்காட்சிக்குப் பதின்மூன்று பாகமாக எழுதும் வேலை, போன வருடம் அவளைத் தேடி வந்தது. அன்றிலிருந்து வீட்டில் பாட்டும் சிரிப்பும்தான்.

ஒன்பதாம் பாகத்தில் மாட்டிக்கொண்டாள். மாளிகையில் நாற்பது வருடம் உழைத்த வேலைக்காரியை, வயதாகிவிட்டதென்று அனுப்பிவிடுகிறார்கள். தயாரிப்பாளர் வசந்தன் அந்தக் காட்சியை இரண்டு தடவை திருப்பிவிட்டார். வெள்ளிக்கிழமைக்குள் சரியாக வராவிட்டால் மிச்சத்தை வேறு ஆள் எழுதுவாராம்.

வேலைக்காரி தூணைக் கட்டிக்கொண்டு கதறும் இடத்தைப் படித்துக் காட்டினாள். வேலாயி சிரித்த சிரிப்பில் தேத்தண்ணி புரையேறியது.

“இவ என்னா, வேல செஞ்சவளா, விருந்துக்கு வந்தவளா? எந்த அடுப்பு பொகையும், எந்தக் கூர ஒழுகும்னு புதுசா வர்றவகிட்ட சொல்லிக் குடுக்கணும்லா. அழுவுறத பெறகு பஸ்ல பாத்துக்கலாம்.”

“அப்ப பஸ் ஏது அத்த?”

“மாட்டு வண்டியில அழட்டும் லா.”

அன்றைக்கே திலகா கதறலை வெட்டி எறிந்தாள். புதியவளை அறை அறையாகக் கூட்டிப்போய்க் காட்டிவிட்டு, வேலைக்காரி வண்டியேறினாள். வெள்ளிக்கிழமை மதியம் வசந்தன் அழைத்தார். காட்சியைப் படித்தவர்களெல்லாம் இன்னொரு தடவை கேட்டு வாங்கிப் படித்தார்களாம். மிச்சப் பாகங்களும் அவளுக்கே. திலகாவுக்குக் கால் தரையில் பாவவில்லை.

சனிக்கிழமை காலை தானா ராத்தா கடையில் குவே பலகாரம் வாங்கிக்கொண்டு நேரே வேலாயி வீட்டுக்குப் போனாள். அன்று வீட்டைத் தோட்டத்திடம் ஒப்படைக்கும் நாள். மகன் லோகேஸ்வரன் ரிங்லெட்டில் எடுத்திருக்கும் வாடகை வீட்டுக்குப் போக, சாமான்கள் லோரியில் ஏறியிருந்தன. வெறும் வீட்டில் வேலாயி தரையைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தாள். அவள் பிறந்ததும் அந்த வீட்டில்தான். செய்தியைக் கேட்டு முகமெல்லாம் பல்லாகிவிட்டது.

“நெசமாவே என் பேச்சு டிவில வருதா?” என்று மூன்று தடவை கேட்டாள்.

அதற்குள் தோட்ட ஆபீஸ் கிராணி அமிர்தலிங்கம் ஒப்படைப்புத் தாளோடு வந்துவிட்டார். நல்ல மனிதர்தான், திலகாவிடம் அவள் அப்பாவை விசாரித்தார். பிறகு சேற்றுச் சப்பாத்தைக் கழற்றாமல் ஈரத்தரையில் ஏறி, விளக்கு, குழாய், ஜன்னல் கொக்கி என்று ஒவ்வொன்றாகச் சரிபார்த்தபடி உள்ளே போனார். வேலாயி குனிந்தவாறே அவர் பின்னால் போய், தடம் தடமாகத் துடைத்துக்கொண்டு வந்தாள்.