வீடு திரும்பினாரா?

வெள்ளையனுக்கு ரயில் டிக்கெட் வாங்கிக் கொடுத்தவன் நான். அதை முதலில் சொல்லிவிட வேண்டும். பேளுக்குறிச்சியில் எனக்கு மிளகுக் கடை. அவன் கொல்லிமலைக்காரன், வருஷா வருஷம் எனக்கு மிளகு கொண்டுவருகிறவன். ஐம்பத்தெட்டு ஐப்பசியில் தெற்கே ஒரு வியாபாரியிடம் மாதிரி மிளகு காட்ட ஆள் வேண்டியிருந்தது. "ரயில்ல போனதே இல்லீங்க பாய்" என்று சிரித்தான். நான்தான் சேலத்தில் ஏற்றிவிட்டேன்.

அந்த ரயில் வெள்ளத்தில் பாலத்தோடு போய்விட்டது. மூன்றாம் நாள் எடுத்த உடல்களில் முகமே தெரியவில்லை. எல்லோரையும் சேர்த்து ஆற்றங்கரையிலேயே புதைத்துவிட்டார்கள்.

அவன் மனைவி இருசாயிக்கு இரண்டு பெண் குழந்தைகள். காட்டில் பாடுபட வேறு ஆளில்லை. நஷ்டஈட்டு மனுவை நானே எழுதிப் போட்டேன். எட்டு மாதம் அலைந்தபின் சேலத்தில் விசாரணை. அதிகாரி அருணாசலம் நல்ல மனிதர். டிக்கெட் தொலைந்ததற்கு என் சாட்சியை ஏற்றுக்கொண்டார். கடைசிக் கேள்வியை அச்சடித்த தாளைப் பார்த்துப் படித்தார்.

"விபத்துக்குப் பிறகு உன் புருஷன் வீடு திரும்பினாரா?"

"வந்தாருங்க" என்றாள் இருசாயி.

குமாஸ்தா எழுதிவிட்டு நிமிர்ந்தார்.

"எப்போ?"

"முப்பதாம் நாளுங்க. கூப்பிட்டோம், வந்துட்டாருங்க."

"இப்போ எங்கே இருக்கார்?"

"ஊட்டுலதானுங்க."

ஒரு கணம் நானே நம்பிவிட்டேன். உயிரோடு வந்து பதுங்கிக்கொண்டானா? இந்தப் பாவிக்காகவா எட்டு மாதம் சரியாகத் தூங்காமல் கிடந்தேன்? அல்லா மேல் ஆணையிட்டுச் சாட்சி சொன்னவன் நானல்லவா, கம்பி எண்ணப்போவதும் நான்தானா? அதிகாரி விசாரணையை மதியத்துக்குத் தள்ளிவைத்தார்.

வெளியே வந்ததும் கேட்டேன். "வெள்ளையன் எங்க? உண்மையைச் சொல்லு."

"நடுவூட்டுலங்க. செம்புத் தண்ணியில."

அவர்கள் குடியில் வெளியூரில் செத்தவரை அங்கேயே விட்டுவிட மாட்டார்களாம். அடிவாரத்தில் மலையைப் பார்த்து நின்று, ஓர் ஆண் மூன்று முறை பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும். செம்பில் தண்ணீர் அசைந்தால் வந்துவிட்டார். செம்பை எடுத்துப் போகிறவர் பின்னாலேயே அவர் வருவார்; கூப்பிட்டவர் உட்பட யாரும் திரும்பிப் பார்க்கக் கூடாது, பார்த்தால் போய்விடுவார். செம்பை வீட்டில் வைத்து விளக்கேற்றினால், அப்புறம் அவர் வீட்டுச்சாமி.

ஓடிப்போய் அதிகாரியிடம் சொன்னேன். அவருக்குப் புரிந்தது. ஆனால், "இந்தத் தாளில் வந்தார், வரவில்லை, ரெண்டுக்குத்தான் இடம். அந்தம்மா வாயாலேயே மாத்திச் சொல்லணும்" என்றார்.

இருசாயி அசையவில்லை. "வந்தவர வரலைன்னு சொன்னா கோவிச்சுக்கிட்டு எந்திரிச்சுப் போயிருவாருங்க. அந்த ஆத்தங்கரையில குளுருல கெடந்தவருங்க பாய்."

வாய்க்கு வந்தபடி பேசினேன். செம்புக்குப் பசிக்காது, பிள்ளைகளுக்குப் பசிக்கும் என்றேன். அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது.

மதியம் அதே கேள்வியைப் படித்தார்கள்.

"வரலைங்க" என்றாள். யாருக்கும் கேட்கவில்லை.

"சத்தமா சொல்லும்மா."

"வரலைங்க. வரவே இல்லீங்க."

கைநாட்டு வாங்கிக்கொண்டார்கள். மனு அனுமதிக்கப்பட்டது. எனக்கு நியாயமாகச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும்.

சாயங்காலம் மலையடிவாரத்தில், காரவள்ளியில் பஸ்ஸை விட்டு இறங்கினோம். அவளை மலைப்பாதை வரை கொண்டுவிடப் போனேன். அவள் ஓடையில் இறங்கி, வழியில் குடிக்கக் கொண்டுவந்த செம்பில் தண்ணீர் மொண்டு வந்து என் பக்கத்தில் நின்றாள்.

"கூப்பிடுங்க பாய்."

"நானா? உங்க ஆளுங்க யாராச்சும்..."

"அவர அனுப்பி வெச்சது நீங்கதானுங்க."

அவள் குரலில் கோபமே இல்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. எட்டு மாதமாக ஊரில் ஒருவரும் என் முகத்துக்கு நேரே சொல்லாததை அவள் சொல்லிவிட்டாள்.

மலையைப் பார்த்து நின்றேன். "வெள்ளையா, ஊட்டுக்கு வாப்பா." இரண்டாம் முறையும் கூப்பிட்டேன். மூன்றாம் முறை அழுகைதான் வந்தது. செம்பில் தண்ணீர் அசைந்தது. அவள் கை நடுங்கியதாக இருக்கலாம்.

"வந்துட்டாருங்க" என்று சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் மலையேறினாள்.

பேளுக்குறிச்சிக்கு என் வழி எனக்குப் பின்னால் இருந்தது. நான் திரும்பியாக வேண்டும். இருட்டும்வரை அங்கேயே மலையைப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தேன்.