வராத கனவு

நான் பல் மருத்துவர். நாள் முழுக்க ஊரார் வாயைத் திறக்கச் சொல்கிறவள், என் வாயைத் திறக்க இன்னொருவரிடம் போக வேண்டி வந்தது. போக வைத்தவர் என் கணவர். எனக்குச் சந்தேக நோய் முற்றிவிட்டதாம். என்னை ஆஸ்பத்திரியில் சேர்ப்பதா, மகளை அவருடைய அக்கா வீட்டில் விடுவதா என்பதெல்லாம் புரொபசர் இன்று சொல்லப்போவதைப் பொறுத்தது.

கல்லூரியில் தத்துவம் நடத்திவிட்டு மனப்பகுப்பாய்வுக்கு வந்தவர் என்பதால் எல்லோருக்கும் அவர் புரொபசர். நான் சோபாவில் சுவரைப் பார்த்துப் படுத்திருக்க வேண்டும். அவர் தலைமாட்டில், என் கண்ணில் படாமல் உட்கார்ந்திருப்பார். மனதில் வருவதை மறைக்காமல் சொல்ல வேண்டும். அது ஒன்றுதான் அங்கே சட்டம். கணவர் வெளியறையில் காத்திருப்பார்.

"போன தடவை ஒரு கனவு சொன்னேன்ல சார், அப்பா என் டிராயரக் கிளறுற மாதிரி. உங்ககிட்ட மட்டும்தான் சொன்னேன். அன்னிக்கே வீட்டுக்காரர், 'நான் என்ன உங்கப்பா மாதிரி டிராயரக் கிளறுறவனா'ங்கிறார். கதவுகிட்ட நின்னு ஒட்டுக் கேக்கிறார் சார்."

"அப்பாவோட வார்த்தைய அவர் வாயில நீங்க வைக்கிறீங்க" என்றார் புரொபசர் பொறுமையாக. "வெளிய ஒருத்தர் நிக்கிறாராங்கிறது கேள்வியே இல்லம்மா. உங்களுக்குள்ள அவர் ஏன் நிக்கிறார்?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கதவு பக்கத்திலேயே இருக்கிறது. அதைத் திறந்து பார்க்க மனமில்லாமல், என் சின்ன வயதுக்குள் போய் இல்லாத கதவைத் தட்டிக்கொண்டிருக்கிறார் இந்த மனிதர். நானே திறக்கலாம். முன்பு ஒரு தடவை சந்தேகப்பட்டுத் திறந்தேன். கணவர் நாற்காலியில் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார், என் நோய்க்கு ஒரு சாட்சி கூடியதுதான் மிச்சம். தலைமாட்டில் பேனா காகிதத்தில் உரசியது. என் தலையெழுத்தைத்தான் எழுதுகிறார்.

சட்டத்தை மீறினேன்.

"நேத்து இன்னொரு கனவு, சார்" என்று வராத கனவைச் சொல்ல ஆரம்பித்தேன். கதவை ஒட்டி நின்றால் கேட்கும், வெளியறை நாற்காலிக்குக் கேட்காது, அந்த அளவில்தான் பேசினேன். "விடிகாலைல முதல் பஸ். பாப்பாவ எழுப்பிக் கூட்டிட்டு எங்கம்மா வீட்டுக்கே போயிடறேன். அவ ஸ்கூல் சர்டிபிகேட்லாம் பையில எடுத்து வெச்சிருக்கேன்."

"பஸ்னா உங்களுக்கு என்ன தோணுது?"

கதவு சுவரில் மோதித் திறந்தது.

"சர்டிபிகேட்ட எங்கடி வெச்சிருக்க?"

கணவர்தான். ஷூ காலில் இல்லை, காலடிச் சத்தம் கேட்காமலிருக்கக் கழற்றியது கையில் இருந்தது.

"கனவுதாங்க அது" என்றேன்.

பேனா நின்றிருந்தது. புரொபசர் எழுந்து முன்னால் வந்தார். முகம் வெளிறிப்போயிருந்தது. கணவரின் கையிலிருந்த ஷூவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பாவம், பழக்கதோஷம் அவரை விடவில்லை.

"இப்ப... உங்களுக்கு என்னம்மா தோணுது?"

சோபாவிலிருந்து எழுந்து கைப்பையை எடுத்துக்கொண்டேன்.

"முதல் பஸ் எத்தனை மணிக்குன்னு விசாரிக்கணும், சார்."