சோல்மே மூழ்கிய மூன்றாவது இடம்

அது மார்ச்சின் கடைசியா, ஏப்ரலின் தொடக்கமா என்பதில் தீவுக்காரர்களின் நினைவை நம்ப முடியாது; சொல்பவனுக்கும் அதே சந்தேகம்தான். ஆனால் சோல்மே என்ற போர்க்கப்பல் இரண்டு இடங்களில் மூழ்கியது என்பதில் மாற்றமில்லை. அரசின் அறிக்கைப்படி வெளிக்கடலில், வடகொரியாவின் குண்டு பட்டு. எதிர்க்கட்சியின் அறிக்கைப்படி பாறைத்திட்டருகே, தரைதட்டி. தேர்தல் நெருங்க நெருங்க அந்த இரண்டு இடங்களுக்கும் நடுவே கடல் நீண்டுகொண்டே போனது. முதலில் தீவுப் படகோட்டி துசிக்கின் படகு ஒரு மணி நேரத்தில் கடந்த தூரத்துக்கு மே மாதத்தில் மூன்று மணி நேரம் பிடித்தது.

சிப்பி உடைத்துப் பிழைக்கும் ஓக்பூனுக்குச் சரியான இடம் தெரிந்தாக வேண்டியிருந்தது. கப்பலோடு போன மகன் முன்ஹோவின் உடல் கிடைக்கவில்லை. அப்படிப் போனவனைக் கரைக்கு அழைக்க, மூடிய பித்தளைக் கிண்ணத்தில் சோறு வைத்து, நீண்ட வெள்ளைத் துணியில் கட்டி, அவன் போன இடத்தில் இறக்குவார்கள். தூக்கும்போது சோற்றில் ஒரு தலைமுடி இருந்தால் ஆள் வந்துவிட்டான். அவள் அறிக்கைகளை நம்பி வெளிக்கடலில் ஆறு முறை இறக்கினாள், பாறைத்திட்டில் ஆறு முறை. வைத்த சோறு வைத்தபடியே வந்தது.

கடற்படை அதிகாரி ஒருவர் காகிதத்தோடு வீட்டுக்கு வந்தார்.

"வெளிக்கடல்ல முடி கெடச்சுதுன்னு ஒரு கையெழுத்து போடுங்கம்மா. இல்லன்னா நாளைக்கு மறுநாள்லேருந்து படகு போகத் தடை."

"வராத முடிக்கு எங்கய்யா போவேன்? உங்க தலையில ஒண்ணு கேக்கலாம்னா அங்கயும் ஒண்ணும் மிச்சமில்ல."

மறுநாள் எதிர்க்கட்சிக்காரர் வந்து பாறைத்திட்டுக்குக் கையெழுத்து கேட்டார். அவருக்கு முடி நிறைய இருந்தது. அவரையும் வெறுங்கையோடு அனுப்பினாள்.

தடைக்கு முந்திய அந்தப் பகலிலேயே துசிக்கைக் கிளப்பினாள்.

"ரெண்டு எடமும் பாத்தாச்சே, முன்ஹோ அம்மா. இனி எங்க போறது?"

"இன்ஜின நிறுத்து. பசிக்கிறவன் கூப்பிடுவான்."

துறைமுகத்தைத் தாண்டியதும் கிண்ணத்தை இறக்கினாள். துணி விறைத்தது. படகு ஒரு சொட்டு டீசல் இல்லாமல், காற்றுக்கு எதிராக, நான்கு மணி நேரம் போய், எந்த அறிக்கையிலும் இல்லாத ஓரிடத்தில் நின்றது. தூக்கிப் பார்த்தாள். சோற்றில் ஒட்ட வெட்டிய ஒரு முடி. பக்கத்தில் ஒரு கரண்டி சோறு குறைந்திருந்தது.

"மெல்லத் தின்னு," என்றாள். "வீட்ல கடல்பாசி சூப் வச்சிருக்கேன்."

அந்த இடத்தை இரு தரப்புக்கும் ஆண்டுதோறும் எழுதினாள். யாருக்கும் மூன்றாவது இடம் தேவைப்படவில்லை. அதிகாரி பதவி உயர்ந்து ஓய்வு பெற்றார். எதிர்க்கட்சிக்காரர் அமைச்சரானார்; அறிக்கைகள் இரண்டும் அப்படியே இருக்கின்றன. துசிக் படகை விற்றுவிட்டு இஞ்சோன் நகரத்தில் மகளோடு இருக்கிறான். ஓக்பூன் இன்றும் சிப்பி உடைக்கிறாள், கடிதமும் எழுதுகிறாள். முன்ஹோ அவளோடு இருக்கிறான், வயது இன்னும் அதே இருபத்திரண்டுதான். அவன் உட்காரும் பாய் காய்வதில்லை என்பதால் மாதம் ஒரு பாய் மாற்றுகிறாள்.