கடையாத பக்கம்

"மார்ச் 12, செவ்வாய். இன்று ஒரு சின்னத் தவறு. எஞ்சினில் இயந்திரத்தால் கடைந்து வழவழப்பாக்கிய இடங்களை மட்டும் அளக்கச் சொல்லியிருந்தார் அத்தான். நான் பழக்கதோஷத்தில் வெளிச்சுவரையும் அளந்துவிட்டேன். வரைபடத்தில் அறுநூறு மில்லிமீட்டர். எனக்கு வந்ததோ ஆறு குறைவு. ஸ்கேலைச் சரியாகப் பிடித்திருக்க மாட்டேன்."

எழுதி முடித்தும் அவளுக்கு மனசு ஆறவில்லை. அவள் வேலை பார்க்கும் கம்பெனி முதன்முதலில் பந்தயக் காருக்காகச் செய்து பார்த்த எஞ்சின் அது. அப்படி ஒன்றே ஒன்றுதான் உண்டு. அருங்காட்சியகம் அதை வாங்குகிறது; வியாழனன்று எடுத்துப் போக ஆள் வருகிறார். அசல்தான் என்று அளவுத்தாளில் கையெழுத்துப் போட வேண்டியவள் அவள். பட்டறையின் பொறுப்பு அத்தானிடம், அதாவது அக்கா புருஷனிடம். அவளுக்கு வேலையும் தங்க இடமும் கொடுத்தவர் அவர்தான்.

மறுநாள் மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போனதும் மறுபடி அளந்தாள். கடைந்த துளைகள் இம்மி பிசகவில்லை. கடையாத இடமெல்லாம் நூற்றுக்கு ஒன்று குறைந்தது. கை தவறினால் கூடவும் வரும், குறையவும் வரும். இப்படி ஒரே பக்கமாகவா தவறும்?

அவள் படிக்கும் வார்ப்புத் தொழில் மாலை வகுப்பில் போன மாதம் பழைய மூடி ஒன்றை மணலில் பதித்து, அந்தக் குழியில் உலோகத்தை உருக்கி ஊற்றி அதேபோல் ஒன்றை வார்த்தாள். உலோகம் ஆறியதும் சுருங்கி, புது மூடி சிறுத்துப்போனது. "மூடி குட்டி போட்டிருக்குடி!" என்று வகுப்பே சிரித்தது. இதுவும் குட்டிதானோ? அசலை அச்சாக வைத்து வார்த்துவிட்டு, துளைகளை மட்டும் வரைபடப்படி கடைந்திருக்கிறார்களோ?

நேரே அத்தானிடம் போனாள். "அத்தான், வெளிச்சுவரு குறையுது."

"அங்க யாரு உன்னை அளக்கச் சொன்னா? அரை மில்லின்னு உனக்குப் பட்டப்பேரு வெச்சது சரிதான்."

"அரை மில்லி இல்ல அத்தான், ஆறு."

"பழைய வார்ப்பு அப்படித்தாம்மா இருக்கும். கையெழுத்தைப் போடு."

"அப்போ அசல் எங்க?"

எந்த அசல் என்று அவர் கேட்கவில்லை. கதவை ஒரு தரம் பார்த்துக்கொண்டார். "இதையெல்லாம் அக்கா காதுல போட்டு வெக்காத."

அவர் நீட்டிய பேனாவை அவள் வாங்கவில்லை. "கையெல்லாம் எண்ணெய் அத்தான். காலையில போடறேன்."

வகுப்பு தொடங்குமுன் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து எழுதினாள்:

"மார்ச் 13, புதன். நேற்று ஸ்கேலைச் சரியாகத்தான் பிடித்திருந்தேன். நாளை: காலையில் முதல் வேலையாக அக்காவிடம் சொல்வது. அருங்காட்சியகத்துக்காரர் வந்ததும் அவர் கண்ணெதிரே வெளிச்சுவரை அளந்து, வந்த அளவையே தாளில் எழுதி, அதன் கீழே கையெழுத்திடுவது."